நான்கு நிமிடத்துக்கு ஒன்றும் போடாமல் இருப்பது

புதிதாக ஒலிக்கலவை வேலைக்கு வந்திருக்கும் பிள்ளைகளுக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று என் பழைய ஸ்டுடியோவில் கேட்டார்கள். எந்த மைக் நல்லது, எந்த மென்பொருள் நல்லது என்றெல்லாம் என்னிடம் கேட்காதீர்கள். நான் ஓய்வு பெற்று மூன்று வருடம் ஆகிறது. அதற்குள் எல்லாம் மாறியிருக்கும், நான் சொன்னால் நீங்களே சிரிப்பீர்கள். முப்பத்தைந்து வருடம் இந்த பெங்களூரில் உட்கார்ந்து கன்னடப் படம், தமிழ் டப்பிங், சீரியல், சோப்பு விளம்பரம், எலெக்‌ஷன் பாட்டு என்று எதையெல்லாமோ கலந்து தள்ளியிருக்கிறேன். பெருமையடித்துக்கொள்ள நிறைய உண்டு. அதையெல்லாம் விட்டுவிட்டு, நான் கையும் களவுமாகப் பிடிபட்ட கதையைச் சொல்கிறேன். ஒரு தங்கை தன் அண்ணனுக்குக் கொடுத்த வாக்கை நான் கெடுத்த கதை இது. என்னைப் பிடித்தவர் அந்த அண்ணன். அவருக்குப் பிறவியிலிருந்தே காது கேட்காது.

அப்போது என் மிக்ஸிங் அறை பெங்களூரில் அடுகோடி என்ற பேட்டையில் இருந்தது. மாடியில் நான், கீழே ஒரு லேத் பட்டறை. பகலில் அவர்கள் இரும்பு அறுக்கும்போதெல்லாம் நான் டீ குடிக்கப் போய்விடுவேன். அவ்வளவுதான் எங்களுக்குள் ஒப்பந்தம்.

ஒருநாள் ஒரு பெண் ஹார்ட் டிஸ்க்கைப் பையில் போட்டுக்கொண்டு வந்தாள். முப்பத்திரண்டு, முப்பத்துமூன்று வயது இருக்கும். பருத்திச் சட்டை, தோளில் ஹெல்மெட்.

"டைரக்டர் எப்பம்மா வருவார்?" என்றேன்.

"வந்துட்டாங்க அங்கிள். நான்தான்" என்றாள்.

இந்தத் தொழிலில் எல்லாரும் என்னை அண்ணா என்பார்கள், இல்லையென்றால் சார். அங்கிள் என்று ஒருத்தி கூப்பிட்டதும் எனக்குச் சுருக்கென்றது. பெயர் ஷீலா. ரிச்சர்ட்ஸ் டவுனில் நான்கு தலைமுறையாக இருக்கும் தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பம். அம்மா அப்பா போய்விட்டார்கள், அண்ணனும் தானும்தான் என்று பேச்சோடு பேச்சாகச் சொன்னாள். அண்ணனைப் பற்றி அதற்குமேல் சொல்லவில்லை.

படத்தைப் போட்டாள். ஓசூர் ரோடு பக்கம் ஏதோ ஒரு கம்பெனி காலி செய்துவிட்டுப் போன ஆபீஸ் தளம். எழுபது நிமிடம். மனிதர் யாரும் இல்லை. கார்ப்பெட்டில் மேஜைக்கால் பதிந்த குழிகள், சுவரில் தொங்கும் ஒயர்கள், யாரோ அழிக்காமல் விட்ட வெள்ளைப் பலகை, கண்ணாடிக்கு வெளியே வந்து உட்காரும் புறா. கேமரா அசையவே அசையாது. அரை மணி நேரம் பொறுத்துப் பார்த்தேன்.

"இதுல என்னம்மா நடக்குது?"

"ஒண்ணும் நடக்கல அங்கிள்."

"அது எனக்கும் தெரியுது. என்ன சொல்ல வர்ற?"

"ஒண்ணும் சொல்ல வரல."

"ஜனங்களுக்கு என்னதான் புரியணும்?"

"புரியறதுக்கு அதுல ஒண்ணும் இல்ல. சும்னே பாக்கணும், அவ்ளோதான்." சும்மா என்பதைக் கன்னடம் கலந்து அப்படித்தான் சொல்வாள்.

ஆளை விடும்மா தாயே என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். ஆனாலும் அந்த மாதம் என் கையில் வேறு வேலை இல்லை. இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்தப் பெண்ணுக்குக் காது அபாரம். ஏ.சி. குழாயில் காற்று போகும் சத்தத்தை நான் அரைப்புள்ளி ஏற்றினால், குனிந்து ஏதோ எழுதிக்கொண்டிருப்பவள் நிமிர்ந்து பார்ப்பாள். எங்கோ மூன்று மாடி கீழே லிஃப்ட் மணி அடிக்கும், செக்யூரிட்டியின் ரேடியோ அரைகுறையாகக் கேட்கும், பிறகு அதுவும் போய்விடும். இரண்டு வாரம் இப்படி வேலை செய்ததில் எனக்கே அந்தப் படம் பிடித்துப்போனது. அர்த்தம் கேட்பதை விட்டுவிட்டேன். சீரியலில் ஒரு மாமியார் தலையைத் திருப்பினால் மூன்று தடவை இடி இடிக்க வைத்தவன் நான். எனக்கு அது ஓய்வு மாதிரி இருந்தது.

தகராறு நாற்பதாவது நிமிடத்தில் வந்தது.

அங்கே ஒரு வெள்ளைச் சுவர். மதிய வெயில் ஒரு மூலையில் விழுந்து மெல்ல நகர்கிறது. நான்கு நிமிடம் அதே சுவர்தான். "இங்க ஒண்ணும் வேணாம் அங்கிள்" என்றாள்.

"ஒண்ணும்னா? லேசா ரூம் டோன் மட்டும் விடட்டா?"

ரூம் டோன் என்ன என்பது உங்களுக்குத் தெரியும், முதல் வாரமே சொல்லித் தந்திருப்பார்கள். படப்பிடிப்பு முடிந்ததும் எல்லாரையும் ஒரு நிமிடம் அசையாமல் நிற்க வைத்து, அந்த அறை சும்மா இருக்கும்போது என்ன சத்தம் போடுகிறதோ அதைப் பதிந்துகொள்வோம். படத்தில் அமைதி என்று நீங்கள் கேட்பதெல்லாம் அதுதான். அதைக்கூடப் போடாமல் எந்த மிக்ஸரும் ஒரு நொடி விடமாட்டான்.

"ரூம் டோனும் வேணாம். சுத்தமா ஜீரோ."

"நாலு நிமிஷமுமா? என்னம்மா விளையாடுறியா? ஸ்பீக்கர் செத்துப்போச்சுன்னு நினைப்பாங்க."

"நினைக்கட்டும்."

"எதுக்குன்னாவது சொல்லேன்."

"எதுக்குன்னு சொன்னா நீங்க வேற காரணத்துக்காகச் செய்வீங்க. படத்துக்காகச் செய்யுங்க அங்கிள், போதும்" என்றாள். நானும் சரி என்றேன். வாய்தான் சரி என்றது.

என் பயத்துக்கு ஒரு காரணம் இருந்தது. தொழிலுக்கு வந்த இரண்டாவது வருடம், ஒரு கன்னடப் படத்தில் நாயகன் சுடப்பட்டு விழும் இடத்தில் இரண்டு நொடி மொத்தமாகக் காலியாக விட்டேன். பெரிய கலை என்று நினைப்பு. முதல் நாள் முதல் காட்சியிலேயே தியேட்டரில் விசில், கூச்சல், ஆபரேட்டரைக் கெட்ட வார்த்தையில் திட்டியிருக்கிறார்கள். எனக்கு வேலை கற்றுத்தந்தவர் என்னைத் திட்டவில்லை. "இனிமே காலியா விட்டேன்னா உன் பேரும் காலி" என்று மட்டும் சொன்னார். நல்ல மனிதர், எனக்குச் சோறு போட்ட கை அவருடையது. அந்த ஒரு வாக்கியத்தை முப்பது வருடம் பத்திரமாக வைத்துக்கொண்டிருந்தேன்.

ஷீலா என்னிடம் சொல்லாத காரணத்தை உங்களுக்கு இப்போதே சொல்லிவிடுகிறேன். அது தெரியாமல் கேட்டால் நான் செய்தது சின்னத் தப்பாகத் தெரியும்.

அவள் அண்ணன் எட்வின் ஒரு பேக்கரியில் கேக் அலங்காரம் செய்பவர். சின்ன வயதிலிருந்து இரண்டு பேரும் சேர்ந்தே சினிமாவுக்குப் போவார்கள். தியேட்டரில் எல்லாரும் திடுக்கிட்டால், சிரித்தால், எட்வின் உடனே திரும்பித் தங்கையின் முகத்தைப் பார்ப்பார். என்ன சத்தம் வந்தது என்று அவள் முகத்தில்தான் அவர் தெரிந்துகொள்வார். அவள் கையால் ஜாடை காட்டுவாள். ஒரு படத்துக்கு நாற்பது ஐம்பது தடவை இது நடக்கும். முப்பது வயதுக்குமேல் அவர் வருவதை நிறுத்திவிட்டார். நீ படம் பார்க்கிறாய், நான் உன்னைப் பார்க்கிறேன், எனக்குப் போதும் என்று கையால் சொன்னாராம். ஷீலா படம் எடுக்கப் போகிறேன் என்றபோது அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான். உன் படத்தில் கொஞ்ச நேரமாவது நான் உன் முகத்தைப் பார்க்காமல் இருக்க வேண்டும். அவள் நான்கு நிமிடம் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்திருந்தாள். அவருக்குக் கிடைக்காத எதுவும் அந்த ஹாலில் வேறு யாருக்கும் கிடைக்காத நான்கு நிமிடம்.

இதில் நான் கை வைத்தேன்.

கடைசி நாள், அவள் கிளம்பிப் போன பிறகு, அந்தக் காலியைப் பார்த்தேன். திரையில் எல்லா டிராக்கும் நிரம்பியிருக்க, நடுவில் நான்கு நிமிடம் வெறும் பள்ளம். என்னால் அதை அப்படியே விட்டு எழுந்து வர முடியவில்லை. அந்த ஆபீஸ் தளத்தில் பதிந்த ரூம் டோனை எடுத்தேன். அடியில் ஓசூர் ரோட்டு லாரிகளின் உறுமல் லேசாக இருக்கும். அதை மிக மிக மெல்லிசாக வைத்துப் பள்ளத்தில் ஊற்றினேன். இருப்பதே தெரியாது. யாருக்குத் தெரியப்போகிறது, அவள் நல்லதுக்குத்தானே என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பத்து நிமிட வேலை. வீட்டுக்குப் போய் நிம்மதியாகத் தூங்கினேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

பொதுத் திரையிடல் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை என்று முடிவாகியிருந்தது. எண்பது நாற்காலி போட்ட சின்ன ஹால். அதற்கு முந்தைய திங்கட்கிழமை அதே ஹாலில் வேண்டிய பத்துப் பேரை மட்டும் கூப்பிட்டு ஒரு தடவை போட்டுப் பார்த்தோம். மேலே புரொஜெக்‌ஷன் அறையில் நாகராஜ் என்று ஒரு ஆபரேட்டர். கன்னடத்துக்காரன், தமிழும் சரளமாகப் பேசுவான், எனக்குப் பல வருடப் பழக்கம்.

மூன்றாவது வரிசையில் ஷீலாவின் பக்கத்தில் நாற்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் உட்கார்ந்திருந்தார். விளக்கு அணைவதற்கு முன் சட்டைப்பையிலிருந்து ஒரு மஞ்சள் பலூனை எடுத்தார். நிதானமாக ஊதினார், முடிச்சுப் போட்டார், இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்து மடியில் பிடித்துக்கொண்டார். சரிதான், படத்துக்கு ஏற்ற ஆள்தான் என்று நினைத்தேன்.

ஷீலா திரும்பி, "எங்க அண்ணன் எட்வின், அங்கிள். காது கேக்காது. சத்தம் வந்தா பலூன் அதிரும், கையில தெரிஞ்சுக்குவான்" என்றாள்.

வணக்கம் வைத்தேன், அவரும் தலையசைத்தார். அப்போதுகூட எனக்கு உறைக்கவில்லை. அவ்வளவு மெல்லிசாக வைத்தது எங்கே போய்ப் பலூனை ஆட்டப்போகிறது?

படம் ஓடியது. ஏ.சி. குழாய், லிஃப்ட் மணி. எட்வின் பலூனைப் பிடித்தபடி அவ்வப்போது தங்கையைத் திரும்பிப் பார்ப்பார், அவள் விரலால் ஏதோ காட்டுவாள். நாற்பதாவது நிமிடம் சுவர் வந்தது. ஷீலா இரண்டு கையையும் மடியில் வைத்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். அந்தப் பத்துப் பேரில் ஒருவரும் நெளியவில்லை. என் ரூம் டோன் தன் வேலையை ஒழுங்காகப் பார்த்துக்கொண்டிருந்தது.

மேலே நாகராஜுக்குச் சந்தேகம் வந்துவிட்டது. சத்தம் இறங்கிவிட்டதே என்று வால்யூமைத் தள்ளியிருக்கிறான். எந்த நல்ல ஆபரேட்டரும் அதைத்தான் செய்வான். அடியில் இருந்த லாரி உறுமல் எழுந்தது. எங்கள் காதுக்கு அது அப்போதும் அமைதிதான். இந்த ஊரில் பிறந்ததிலிருந்து கேட்கிற இரைச்சல், யார் அதைச் சத்தம் என்று எண்ணுகிறோம்? எட்வின் குனிந்து பலூனைப் பார்த்தார். இன்னும் கொஞ்சம் அழுத்திப் பிடித்தார். பிறகு மெதுவாகத் தலையைத் திருப்பித் தங்கையின் முகத்தைப் பார்த்தார்.

அவள் ஒன்றும் இல்லை என்று தலையாட்டினாள். அவர் பலூனை அவளிடம் நீட்டினார். அவள் அதில் கை வைத்தாள்.

நான் திரையைப் பார்ப்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

விளக்கு வந்ததும் அவள் நேரே என்னிடம் வந்தாள். "அந்த நாலு நிமிஷத்துல ஏதாவது போட்டீங்களா அங்கிள்?"

"இல்லம்மா" என்றேன். யோசிக்கவே இல்லை, வாயில் தானாக வந்தது. "ஆம்ப்ளிஃபயர் ஹம்மா இருக்கும். இந்த ஹால்ல எர்த்திங் சரியில்ல."

மேலே ஜன்னல் வழியாகத் தலையை நீட்டிய நாகராஜ், "எர்த்திங் சரியாகே இதெ சார், நல்லாத்தான் இருக்கு! போன வாரம்தான் செக் பண்ணேன்!" என்று கத்தினான். பாவி.

ஷீலா நான் சொன்னதை அண்ணனுக்குக் கையால் சொன்னாள்.  அவர் எழுந்து போய் ஸ்பீக்கர் பெட்டியின் முன்னால் குந்தி உட்கார்ந்தார். படம் எதுவும் போடாதே, ஆம்ப்ளிஃபயரை மட்டும் அதே அளவில் வைத்திரு என்று ஜாடை காட்டினார். நாகராஜ் அப்படியே செய்தான். எட்வின் பலூனைப் பெட்டியில் ஒட்டிப் பிடித்தார், உதட்டைப் பிதுக்கினார். ஒன்றும் இல்லை. இப்போது அந்த நான்கு நிமிடத்தைப் போடு என்றார். போட்டான். அவர் தலையாட்டிக்கொண்டே என்னை வரச் சொல்லி, என் கையைப் பிடித்துப் பலூன்மேல் வைத்தார்.

என் உள்ளங்கையில் அது அதிர்ந்தது. முப்பது வருடத்துக்குமேல் இந்த வேலை செய்திருக்கிறேன். என் வேலையை நான் கையால் தொட்டது அன்றைக்குத்தான்.

"நான்தான் போட்டேன்" என்றேன்.

"ஏன் அங்கிள்?"

"பயம்மா."

"யாருக்குப் பயந்தீங்க?"

"என் பேருக்குத்தான். சவுண்ட் இல்லன்னா உன்ன யாரும் கேக்க மாட்டாங்க. மிக்ஸ் பண்ணவன் எவன்டான்னுதான் கேப்பாங்க."

"அத என்கிட்ட சொல்லி சண்டை போட்டிருக்கலாமே. ரெண்டு நாள் சண்டை போட்டிருப்போம். எனக்குத் தெரியாம ஏன் செஞ்சீங்க?" என்றாள். கோபத்தில் கத்தியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அவள் மெதுவாகத்தான் கேட்டாள்.

எட்வின் ஹெல்மெட்டை எடுத்துக்கொண்டு இரண்டு விரலால் ஏதோ சுருக்கமாகச் சொல்லிவிட்டு வெளியே போனார். என்ன சொன்னார் என்று கேட்டேன்.

"எப்பவும் போலத்தான்னு சொல்றான். ஞாயித்துக்கிழமை வரமாட்டானாம்."

அப்புறம்தான், வாசல் படியில் உட்கார்ந்து, அந்த வாக்கைப் பற்றி எல்லாம் சொன்னாள்.  முன்னாடியே சொல்லியிருக்கக்கூடாதா என்று ஒரு நொடி தோன்றியது. உடனே வெட்கமாகவும் இருந்தது. அவள் வேண்டாம் என்று சொன்னது போதாதா எனக்கு? அதற்குமேல் ஒரு காது கேட்காத அண்ணனைக் காட்டினால்தான் நான் சொன்ன வேலையைச் செய்வேனா?

பிள்ளைகளே, இந்த இடத்தில் கொஞ்சம் நிற்கிறேன். இயக்குநர் கேட்பது தப்பு என்று உங்களுக்குத் தோன்றினால் சண்டை போடுங்கள். மேஜையைத் தட்டுங்கள், முடியவே முடியாது என்றால் வேறு ஆளைப் பாருங்கள் என்று எழுந்து போங்கள். நான் அதையெல்லாம் செய்திருக்கிறேன், அதில் யாருக்கும் அவமானம் இல்லை. சரி என்று சொல்லிவிட்டு, அவர் போன பிறகு உங்கள் இஷ்டத்துக்கு மாற்றாதீர்கள். யார் காதுக்கும் கேட்காத அளவில் மாற்றினாலும் அது ஏமாற்றுதான்.

சரி செய்வதற்கு எவ்வளவு நேரம் ஆனது தெரியுமா? ஒரு பட்டன். அன்று மாலையே அடுகோடிக்கு வந்து அந்தத் துண்டை அழித்தேன். பிறகு கதவைச் சாத்திக்கொண்டு நான்கு நிமிடத்தையும் போட்டுக் கேட்டேன். சத்தியமாகச் சொல்கிறேன், அதைப்போல ஒரு கஷ்டம் எனக்கு இல்லை. முதல் நிமிடத்திலேயே கை தானாக வால்யூமுக்குப் போனது. கீழே பட்டறையில் யாரோ ஸ்பேனரைப் போட்டான், அந்தச் சத்தம் கேட்டபோது தண்ணீர் குடித்ததுபோல் இருந்தது.

அன்றிரவு ஷீலாவுக்கு போன் போட்டேன். "ஜீரோ ஆக்கிட்டேன்மா. ஆனா ஒரு ஸ்லைடு மட்டும் போட்டுடலாம். இந்த அமைதி வேணும்னே வச்சதுன்னு."

"வேணாம் அங்கிள். ஸ்லைடு போட்டா அதுக்கு ஒரு அர்த்தம் வந்துடும். ஓ, இதான் மேட்டரான்னு எல்லாரும் நிம்மதியா சாஞ்சுக்குவாங்க. எட்வினுக்கு யாரும் ஸ்லைடு போடறது இல்ல." இந்தத் தடவை நான் சண்டை போட்டேன். பத்து நிமிடம் போட்டேன். அவள் அசையவில்லை. சரி என்று போனை வைத்தேன், இந்தத் தடவை சரி என்றால் சரி.

ஈஜிபுரா வீட்டில் என் வீட்டுக்காரி இதையெல்லாம் கேட்டுவிட்டு, "நாலு நிமிஷம் ஒண்ணும் செய்யாம இருக்கணுமா? உங்களாலயா? நல்லா ஆளப் பாத்துக் கேட்டா அந்தப் பொண்ணு" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை ஒன்பது மணிக்கே ஹாலுக்குப் போய்விட்டேன். நேரே மாடிக்கு ஏறி நாகராஜைப் பிடித்தேன். "நாப்பதாவது நிமிஷம் சவுண்ட் நின்னுடும். நாலு நிமிஷம் ஒண்ணும் வராது. நீ எதுலயும் கை வைக்கக் கூடாது. திங்கக்கிழமை பத்துப் பேருக்கு ஏ.சி. போடல, இன்னிக்கு ஓடும். அந்த நாலு நிமிஷம் அதையும் அணைச்சுடு, அதோட அதிர்வும் பலூன்ல ஏறும்" என்றேன். "ஆயித்து சார், கவலைப்படாதீங்க" என்றான். ஏ.சி. விஷயம் ஹால் நிர்வாகிக்குத் தெரிந்தால் விடமாட்டார் என்றும் சொன்னான். தெரிய வேண்டாம் என்றேன்.

கூட்டம் நன்றாகவே வந்தது. முக்கால்வாசி ஹால் நிறைந்துவிட்டது. ஷீலா மூன்றாவது வரிசையில் தனியாக உட்கார்ந்திருந்தாள், பக்கத்து நாற்காலியில் அவள் பை. படம் தொடங்கியபோதும் அது பைதான். நான் மேலிருந்து சின்ன ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே இருந்தேன். பத்து நிமிடம் போனது. பதினைந்து. அவர் வராவிட்டால் இந்த நான்கு நிமிடம் யாருக்கு? இருபதாவது நிமிடம் கதவு திறந்து வெளிச்சம் விழுந்தது. எட்வின் ஹெல்மெட்டோடு வந்து, பையை எடுத்து அவள் மடியில் போட்டுவிட்டு உட்கார்ந்தார். இருட்டிலேயே பலூன் ஊதினார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. நாகராஜ் பார்த்துவிடக்கூடாது என்று கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன்.

சுவர் வந்தது. சத்தம் போயே போய்விட்டது. ஏ.சி. ஒரு பெருமூச்சு விட்டு அடங்கியது.

முதல் அரை நிமிடம் ஒன்றும் ஆகவில்லை. பிறகு ஒருவர் இருமினார். நாற்காலி கிரீச்சிட்டது. யாரோ "சவுண்ட்!" என்றார். பின்வரிசையிலிருந்து, "ஹலோ, ஆபரேட்டர்!" என்று இன்னொருவர். இரண்டு பேர் கை தட்டினார்கள். எல்லாம் தெரிந்தும் நாகராஜின் கை வால்யூமுக்குப் போய்விட்டது. "சார், ஜனா கூகாடுதாரே" என்றான், ஆட்கள் கத்துகிறார்களே என்று. நான் அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டேன். "ஸ்வல்ப இரப்பா, கொஞ்சம் பொறு" என்றேன்.  

நிர்வாகி மூச்சு வாங்க மாடியேறி வந்துவிட்டார். "ஆடியோ போயிடுச்சு, ஏ.சி. போயிடுச்சு, என்ன பண்றீங்க இங்க? நிறுத்துங்க, முதல்லேர்ந்து போடலாம்."

"நிறுத்த வேணாம் சார். படம் அப்படித்தான்."

"நீங்க யாரு?"

"இதுக்கு சவுண்ட் மிக்ஸ் பண்ணவன்."

"சவுண்டே இல்லையே!"

"ஆமா சார். என் தப்புன்னே வச்சுக்குங்க. படம் முடிஞ்சதும் மைக்ல என் பேரச் சொல்லி வேணும்னாலும் திட்டுங்க. இன்னும் ரெண்டு நிமிஷம் மட்டும் விடுங்க" என்று கும்பிட்டேன். ஒரு கையால்தான் கும்பிட முடிந்தது, இன்னொரு கையில் நாகராஜின் மணிக்கட்டு. அவர் தலையில் அடித்துக்கொண்டு வாசலிலேயே நின்றார்.

நான் ஜன்னலுக்குத் திரும்பினேன். கீழே அறுபது பேர் இருப்பார்கள். சுவரை யாரும் பார்க்கவில்லை. என்ன நடக்கிறது என்று தெரியாமல் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கணவன் மனைவியைப் பார்க்கிறான், அவள் பக்கத்தில் இருப்பவரைப் பார்க்கிறாள், அவர் பின்னால் திரும்பி எங்களைப் பார்க்கிறார். எல்லாருக்கும் யார் முகத்திலாவது பதில் வேண்டியிருந்தது. மூன்றாவது வரிசையில் ஒரே ஒரு தலை மட்டும் திரும்பவில்லை. எட்வின் ஒரு தடவை பலூனை அழுத்திப் பார்த்தார். பிறகு அதை மடியில் விட்டுவிட்டு, நாற்காலியில் சாய்ந்து, காலை நீட்டிக்கொண்டார். பக்கத்தில் ஷீலா முகத்தைக் கையால் மூடிக்கொண்டிருந்தாள்.

சத்தம் திரும்பி வந்தபோது ஹாலில் ஒரு கைதட்டல். கோளாறு சரியானதற்கு.

படம் முடிந்ததும் நிர்வாகி சொன்னபடியே செய்தார். நடுவில் ஏற்பட்ட தொழில்நுட்பக் கோளாறுக்கு வருந்துகிறோம், ஒலிக்கலவைப் பொறியாளரின் தவறு என்று மைக்கில் சொல்லி என் பெயரையும் வாசித்தார். ஷீலா எழுந்தாள். நான் மாடியிலிருந்தே வேண்டாம் என்று கையைக் காட்டினேன். விளக்கிச் சொன்னால் ஸ்லைடு போட்டதுபோல ஆகிவிடும் இல்லையா? மறுநாள் இரண்டு தயாரிப்பாளர்கள், "என்ன சார், சவுண்டே போயிடுச்சாமே" என்று துக்கம் விசாரித்தார்கள். ஆமாம் சார், போய்விட்டது என்று சொல்லிவிட்டேன். நான் அத்தனை வருடம் எதற்குப் பயந்தேனோ அது வந்து போனது, எனக்கு ஒன்றும் ஆகவில்லை.

கீழே இறங்கி வந்தபோது அண்ணனும் தங்கையும் வாசலில் நின்றிருந்தார்கள். நான் எட்வினின் எதிரில் போய் நின்று, நெஞ்சில் கை வைத்து மன்னிப்புக் கேட்டேன். எனக்கு வேறு ஜாடை தெரியாது. அவர் போனை எடுத்து, தமிழை ஆங்கில எழுத்தில் தட்டி, என் முகத்துக்கு நேரே நீட்டினார்.

"நாலு நிமிஷமும் செம போர் அங்கிள். எல்லாருக்கும் போராமே, ஷீலா சொன்னா."

போனை வாங்கி, "எனக்கும்தான்" என்று தட்டிக் கொடுத்தேன். அவர் வாய்விட்டுச் சிரித்தார். தெருவில் போனவர்கள் திரும்பிப் பார்க்கும் அளவுக்குப் பெரிய சிரிப்பு. அப்புறம் போனைத் திரும்ப வாங்கி, கொஞ்ச நேரம் எடுத்துக்கொண்டு, இன்னொன்று தட்டினார்.

"இதுவரைக்கும் தியேட்டர்ல எனக்கு போர் அடிச்சதே இல்ல. எதை மிஸ் பண்றோமோன்னு பயத்துலயே இருப்பேன்."